மருமகளுக்கு வேறு குரல்

நகையாக இருக்காது, நகை இவ்வளவு கனக்காது. துணிமணியும் இல்லை, துணியை யாரும் இப்படிப் பச்சைக் குழந்தையைத் தூக்குகிற மாதிரி இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு வரமாட்டார்கள். கடவுளே, மிக்ஸியாக மட்டும் இருந்துவிடக் கூடாது. தேனிலவுக்குப் போன இடத்தில் புருஷன் மிக்ஸி வாங்கிக் கொடுத்தான் என்று டப்பிங் தியேட்டரில் தெரிந்தால் அவ்வளவுதான், எனக்குப் பல் விழுகிற வரைக்கும் அதையே சொல்லிச் சிரிப்பார்கள்.

இப்படியெல்லாம் நினைத்தபடி அவள் கட்டில் விளிம்பில் உட்கார்ந்திருந்தாள். காரின் டிக்கியிலிருந்து எடுத்துவந்த பெட்டியை அவன் மேஜைமேல் வைத்தான். பிரித்துப் பார் என்று சொல்லிவிட்டு ஜன்னல் பக்கமாகப் போய் நின்றுகொண்டான். வெளியே ஏரி. மதிய வெயிலில் புதுத் தகரம் மாதிரி கண்ணைக் கூசவைத்தது. சாப்பிட்ட தட்டுகளை எடுத்துப் போக வந்த ஆளைக்கூட அவன் வாசலோடு திருப்பி அனுப்பியிருந்தான்.

உள்ளே இருந்தது மைக். கையில் பிடித்துப் பேசுகிற மைக் இல்லை. டப்பிங் தியேட்டரின் கண்ணாடி அறைக்குள், ஸ்டாண்டிலிருந்து தலைகீழாகத் தொங்குமே, அந்த வகை. பெரிய படங்களுக்கு மட்டும்தான் அதை அலமாரியிலிருந்து எடுப்பார்கள். கூடவே கனமான ஹெட்போன், கம்ப்யூட்டரோடு இணைக்கிற ஒரு சின்னப் பெட்டி, எதிரொலி வராமலிருக்க மேஜைமேல் விரித்து நிறுத்துகிற பஞ்சுத் தடுப்பு. இந்த வேலைக்கு வந்து இத்தனை காலத்தில், அவள் தொண்டையைப் புகழ்ந்தவர்கள் ஏராளம். அந்தத் தொண்டைக்கு என்ன வேண்டும் என்று யோசித்தவன் இவன் ஒருத்தன்தான்.

அவளுடைய பிழைப்பே குரல்தான். திரையில் யார் யாரோ வாயசைக்க, இருட்டறையில் நின்று பேசுகிறவள். கதாநாயகி, கதாநாயகியின் தோழி, பிரசவ வலியில் துடிக்கிறவள், மாடியிலிருந்து விழுகிறவள், எல்லாம் அவள்தான். அழுகைக்கு அவளை விட்டால் ஆளில்லை. அவள் உள்ளே நுழைந்தாலே சவுண்ட் இன்ஜினியர், “அழுகாச்சி வந்தாச்சு, எல்லாரும் கர்சீப்பை எடுத்து வெச்சுக்குங்க” என்பார். அந்தப் பெயரே நிலைத்துவிட்டது. கேன்டீன் டீக்காரர்கூட அழுகாச்சிக்குச் சர்க்கரை கம்மி என்று ஞாபகம் வைத்திருந்தார்.

குரலைக் கேட்டுவிட்டு அவளைப் பார்க்க வருகிறவர்களின் முகத்தை அவள் நன்றாக அறிவாள். தேடிக்கொண்டு வந்த கண்கள் அவள்மேல் பட்டு, தாண்டிப் போய், வேறு யாராவது இருக்கிறார்களா என்று அறையை ஒருமுறை துழாவிவிட்டு, வேறு வழியில்லாமல் அவளிடமே திரும்பி வரும். அந்தக் கணநேரத்தை அவர்கள் சிரித்து மறைப்பார்கள். அவளும் சிரிப்பாள். வீட்டில் அண்ணிக்கு அந்த நாசூக்குகூடக் கிடையாது. “போன்லயே பொண்ணு பார்த்துட்டுப் போறதா இருந்தா உனக்கு எப்பவோ கல்யாணம் ஆகியிருக்கும்டி” என்று காய் நறுக்கிக்கொண்டே சொல்வாள். சொல்லிவிட்டு, நான் விளையாட்டுக்குத்தானே சொன்னேன் என்பாள்.

அப்படியிருக்க, இவன் வந்தான். மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருப்பவன். சவுண்ட் இன்ஜினியர் கண்ணாடி மாற்றப் போன இடத்தில், டிவி சீரியலில் மூத்த மருமகளுக்குப் பேசுகிற பெண் யார் என்று விசாரித்திருக்கிறான். பிறகு ஒரு நாள் தியேட்டருக்கே வந்து, வாசல் பெஞ்சில் கைகட்டி உட்கார்ந்திருந்தான். அவள் வெளியே வந்து “யாருங்க, என்னைத் தேடினீங்களா?” என்று கேட்டபோது அவன் முகத்தில் ஏமாற்றம் இல்லை. தேடல் இல்லை. கண்ணை மூடிக்கொண்டான். பிறகு மெதுவாகத் திறந்து, இன்னும் ஏதாவது பேசுங்கள் என்றான்.

அதற்குப் பின் நடந்த எல்லாச் சந்திப்புகளிலும் அப்படித்தான். அவள் பேசுவாள், அவன் கண்மூடிக் கேட்பான். போனில் அவள் ஹலோ சொன்னதும் மறுமுனையில் ஒரு நீண்ட மூச்சு கேட்கும். அதற்கு அவள் என்னென்ன அர்த்தமெல்லாம் கற்பித்து வைத்திருந்தாள்! அண்ணி மட்டும், “கண்ணாடிக் கடைக்காரரே கண்ணை மூடிக்கிட்டுத்தான் கட்டிக்கறார்” என்று சொல்லிச் சிரித்தாள். பொறாமை என்று அவள் அதைத் தள்ளிவிட்டாள்.

இப்போது அவள் மைக்கின் வலைமூடியை விரலால் தடவிக்கொண்டிருந்தபோது அவன் பக்கத்தில் வந்து உட்கார்ந்தான். வீட்டில் மாடியறையை அவளுக்காகத் தயார்செய்து வைத்திருப்பதாகச் சொன்னான். சுவரெல்லாம் பஞ்சு வைத்து அடித்தாகிவிட்டது. கதவுக்கு ரப்பர் பட்டை போட்டாகிவிட்டது. உள்ளே நின்று கத்தினால்கூடக் கீழே கேட்காது.

“எனக்காகவா?” என்றாள்.

“உனக்காகத்தான்.”

வீட்டிலேயே ஒரு ஸ்டுடியோ! இனி மற்றவர்கள் வரும்வரை தியேட்டர் வராந்தாவில் தவம் கிடக்க வேண்டாம். அழுதுவிடுவோமோ என்று பயந்து எழுந்தவள், தொழில் பழக்கத்தில் அறையின் நடுவே நின்று ஒருமுறை கைதட்டிப் பார்த்தாள். சத்தம் கம்பளத்திலும் தடித்த திரைச்சீலையிலும் விழுந்து அப்படியே செத்தது. நல்ல அறை. வராந்தாவின் கடைசி அறைதான் வேண்டும் என்று அவன் ரிசப்ஷனில் நின்று வாதாடியது அவளுக்கு ஞாபகம் வந்தது. ஏரி தெரியவேண்டும் என்பதற்காக என்று அப்போது நினைத்திருந்தாள்.

அவன் தன் லேப்டாப்பைத் திறந்து ஒயர்களைச் சரியாகவே மாட்டினான். யாரிடமோ கேட்டுப் பழகியிருக்க வேண்டும். ஹெட்போனை அவள் காதில் வைத்து, இதைக் கொஞ்சம் கேள் என்றான்.

ஒரு பெண் பேசினாள். பின்னால் பாத்திரம் உருளும் சத்தம், தூரத்தில் ஏதோ வண்டி. “அம்மா, மாத்திரை போட்டியா? போட்டேன்னு சும்மா சொல்லாத, அண்ணன்கிட்டக் கேப்பேன். டூட்டிக்குக் கெளம்பிட்டேன், அப்புறமாப் பேசறேன் என்ன?”

அவள் சிரித்தாள். “இது எந்தப் படத்துல? நான் எப்போ பேசினேன்? ஆனா பின்னாடி இவ்வளவு சத்தத்தோட எப்படி ஓகே பண்ணாங்க?”

அவன் அடுத்ததைப் போட்டான். அதே குரல், யாரையோ திட்டியது. அதற்கடுத்ததில் இருமியது. இருமிவிட்டு, சளிதான், பயப்படாதே என்றது. எந்தப் படத்திலும் யாரும் இப்படி இருமமாட்டார்கள் என்று அவளுக்குத் தோன்றியபோதுதான் அவன் முகத்தைப் பார்த்தாள்.

“அது நீ இல்ல” என்றான். “என் தங்கச்சி.”

தங்கை வெளிநாட்டில் நர்ஸாக இருக்கிறாள் என்று அவளுக்குத் தெரியும். லீவு கிடைக்காததால் கல்யாணத்துக்கு வரவில்லை என்று சொல்லியிருந்தார்கள். நாத்தனாருக்குக் கொடுக்க அவள் ஒரு கைப்பைகூட வாங்கி வைத்திருந்தாள்.

தங்கை உயிரோடு இல்லை. அவன் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னான். வேலை முடிந்து ரோட்டைக் கடக்கும்போது வண்டி அடித்துவிட்டது. அந்தச் சமயத்தில் இங்கே அம்மா நெஞ்சு ஆபரேஷன் முடிந்து படுத்திருந்தாள். அவளுக்கு இப்போது எதுவும் சொல்லக் கூடாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொன்னார். அவன் மட்டும் போய், எல்லாவற்றையும் அங்கேயே முடித்துவிட்டு, தங்கையின் போனை எடுத்துக்கொண்டு வந்தான். அம்மா வீட்டுக்கு வந்ததும் முதலில் கேட்டதே மகளைத்தான். அந்தப் போனிலிருந்த பழைய குரல்பதிவு ஒன்றை எடுத்துப் போட்டுக் காட்டினான். அம்மா அன்றைக்குத்தான் ஒழுங்காகச் சாப்பிட்டாள். அப்புறம் ஒன்று, அப்புறம் இன்னொன்று. அம்மாவுக்குக் கண் மங்கல், எழுத்துப் படிக்க வராது; குரல் வந்தால் போதும். ஆனால் பதிவுகள் தீர்ந்துகொண்டே வந்தன. அம்மாவும் லேசுப்பட்டவள் இல்லை. நான் கேட்கிறதுக்கு ஏன் இவள் பதிலே சொல்ல மாட்டேன் என்கிறாள் என்று ஆரம்பித்துவிட்டாள்.

“ஒருநாள் டிவியில நீ பேசிட்டிருந்தே. அம்மா சமையல்கட்டுலேர்ந்து ஓடி வந்துட்டாங்க, பொண்ணு வந்துட்டான்னு.”

அவன் அழுதான். அழுகையைப் பற்றி அவளுக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. நிஜமாக அழுகிறவனுக்குக் கண்ணீர் வருவதற்கு முன்னாலேயே மூக்கு ஒழுகும். நடிகர்களுக்கு இது தெரியாது. அவனுக்கு மூக்கு ஒழுகியது. புறங்கையால் துடைத்துக்கொண்டான். அவன் பொய்யாக அழுதிருந்தால் அவளுக்கு எத்தனையோ சுலபமாக இருந்திருக்கும்.

முகம் கழுவிக்கொண்டு வருகிறேன் என்று குளியலறைக்குள் போய்த் தாழ் போட்டாள். குழாயைத் திறந்துவிட்டாள். கண்ணாடியில் தெரிந்த முகத்தைப் பார்த்தபோது, அது இந்தக் கதைக்குச் சம்பந்தமில்லாத முகம் என்று பட்டது. மூக்கு, பரு வடு, மேடான நெற்றி. இது எப்படி இருந்தாலும் அவனுக்கு ஒன்றுதான். வாசல் பெஞ்சில் அவன் கண்ணை மூடியபோது அவனுக்கு உள்ளே யார் தெரிந்தாள் என்பது இப்போது புரிந்தது. தியேட்டருக்கு வந்த மற்றவர்கள் அவள் முகத்தைத் தாண்டியாவது பார்த்தார்கள். இவன் பார்க்கவே இல்லை.

தண்ணீர்ச் சத்தத்துக்குள், வேண்டாம் வேண்டாம் என்று நினைத்துக்கொண்டே, வாயைத் திறந்தாள். “அம்மா, மாத்திரை போட்டியா?”

அச்சு அசல். அந்தப் பெண் ‘அம்மா’வுக்கு முன்னால் மூக்கால் ஒரு சின்ன மூச்சு இழுக்கிறாள், கேள்வியின் கடைசியில் ஒரு செல்ல அதட்டல் வைக்கிறாள். ஒரே தடவை கேட்டதில் அவளுடைய நாக்கு எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டிருந்தது. ஒத்திகைகூடத் தேவைப்படாது. குழாயை மூடினாள்.

வெளியே வந்தபோது அவன் முகம் தெளிந்திருந்தது. சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்ட ஆறுதல் போலும். ஹெட்போனைக் காட்டி, இன்னும் சிலது கேள், பழக்கம் பிடிபடும் என்றான். அவள் மறுக்கவில்லை. அந்தப் பெண்ணைத் தெரிந்துகொள்ள வேண்டும் போல இருந்தது.

தங்கை வாயாடி. யாரையும் விட்டுவைக்கவில்லை. அம்மாவின் டிவி பைத்தியம், கூட வேலை செய்கிறவளின் குறட்டை, அண்ணன் கடையில் விலைபோகாத கண்ணாடிச் சட்டங்கள், எல்லாவற்றுக்கும் ஒரு நக்கல். ஒரு பதிவில், “டேய் அண்ணா, உன்னைக் கட்டிக்கப் போறவ பாவம்டா. எந்த மகராசியா இருந்தாலும் முன்னாடியே என்கிட்டக் கூட்டிட்டு வா, நான் அவகிட்டத் தனியாப் பேசணும். உன் லட்சணத்தைச் சொல்லாம கல்யாணம் பண்ணி வெச்சா எனக்குத்தான் பாவம்” என்று சொல்லி அடக்க முடியாமல் சிரித்தாள். அந்தச் சிரிப்பு இவளுடைய சிரிப்பு இல்லை. பேச்சுதான் ஒன்று, சிரிப்பு முழுக்க அந்தப் பெண்ணுக்கே சொந்தமானது, கடைசியில் விக்கலில் போய் முடிகிறது. இதை என்னால் செய்ய முடியாது என்று நினைத்தாள். அப்படி நினைத்ததில் ஏன் இத்தனை நிம்மதி என்று தெரியவில்லை.

ஹெட்போனைக் கழற்றி வைத்தாள். நாத்தனாரோடு ஒருநாளாவது பழகியிருக்கலாம் என்று இருந்தது.

“இப்பவும் சொல்லக் கூடாதுன்னு டாக்டர் சொல்றாரா?” என்று கேட்டாள்.

அவன் ஹெட்போன் ஒயரைச் சுருட்ட ஆரம்பித்தான். “அதுக்கப்புறம் கேக்கல.”

“ஏங்க?”

“சொல்லலாம்னு சொல்லிட்டார்னா?”

அவன் பேச்சை வேறு பக்கமாகத் திருப்பினான். பாதிப் படத்தில் இறந்துபோன நடிகைக்கு மீதியை அவள்தானே பேசி முடித்தாள், அதை அவளே பெருமையாகச் சொன்னாளே, அதுவும் இதுவும் வேறா என்று கேட்டான். டிக்கெட் எடுத்து வந்து உட்கார்ந்தவனுக்கு எல்லாமே நடிப்பு என்று தெரியும், உங்கள் அம்மா டிக்கெட் எடுக்கவில்லை என்றாள் அவள். அவன் முகம் சுருங்கியது. எனக்காக வேண்டாம், அம்மாவுக்காகச் செய் என்றான். வாரத்துக்கு ஒருமுறை மாடியறையிலிருந்து ஒரு போன். அவ்வளவுதான். கீழே அம்மாவுக்கு எதுவும் கேட்காது, மைக்கில் பேசினால் போனிலும் சுத்தமாகப் போகும்.

ஆக, பஞ்சு அடித்த சுவர் அதற்கு.

அவளுக்கு வேறொன்று உறைத்தது. கல்யாணம் ரிஜிஸ்டர் ஆபீஸில் நடந்தபோது, மணப்பெண்ணுக்குத் தொண்டை கட்டியிருக்கிறது, பேச வைக்காதீர்கள் என்று அவன் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தான். சொந்தக்காரர்களின் தொணதொணப்பிலிருந்து தன்னைக் காப்பாற்றுகிறான் என்று அவள் உள்ளுக்குள் பூரித்துப் போய், வாயைத் திறக்காமல் தலையை மட்டும் ஆட்டிக்கொண்டிருந்தாள். அன்றுதான் முதன்முதலாகச் சந்தித்த மாமியார் அவள் கையைப் பிடித்துத் தன் மங்கிய கண்ணருகே முகத்தைக் கொண்டுவந்து பார்த்தாள். வெந்நீர் குடிம்மா, சரியாப் போயிடும் என்றாள். அங்கிருந்து நேராக இங்கே கிளம்பி வந்துவிட்டார்கள்.

“நாளைக்கு வீட்டுக்குப் போனதும் நான் அத்தைகிட்டப் பேசுவேனே. அப்பத் தெரிஞ்சுடாதா?”

இதை அவன் எதிர்பார்த்திருந்தான் என்பது அவன் பதில் சொன்ன வேகத்திலேயே தெரிந்தது. “அதையும் யோசிச்சுட்டேன். வீட்டுல நீ கொஞ்சம் குரலை மாத்திப் பேசு. உனக்குத்தான் எத்தனையோ குரல் வருமே. கரகரன்னு ஒண்ணு பேசிக் காட்டினியே அன்னிக்கு, அந்த மாதிரி. மருமகளுக்கு வேற ஒண்ணு வெச்சுக்கலாம்.”

“எத்தனை நாளைக்கு?”

“அம்மா இருக்கற வரைக்கும்.”

அவள் அவனையே பார்த்தாள். அவன் முகத்தில் கெட்ட எண்ணம் ஒன்றும் இல்லை. சட்டத்துக்கு ஏற்ற கண்ணாடியைத் தேய்த்துப் பொருத்துகிறவனின் சிரத்தைதான் இருந்தது. ஒரு வீட்டில் இரண்டு பெண்கள். இருப்பது ஒரு குரல். செத்தவளுக்கு அதைக் கொடுத்துவிட்டால் இருப்பவளுக்கு வேறொன்று பார்த்துக்கொள்ளலாம். பாயசம் போதவில்லை என்றால் வீட்டு மனுஷிக்குத்தானே குறைப்பார்கள்.

சமையலறையில் நின்று கரகரவென்று “அத்தை, காபி” என்று சொல்கிற தன்னை அவள் கற்பனை செய்து பார்த்தாள். குழந்தை பிறந்தால்? தூளியை ஆட்டிக்கொண்டு எந்தக் குரலில் பாடுவாள்? அவனோடு தனியே இருக்கையில், கதவைச் சாத்திய பிறகு, தன் குரலில் பேசலாம்தான். அப்போது அவன் கண்ணை மூடிக்கொள்வான். நினைத்ததுமே உடம்பு கூசியது.

மணியைப் பார்த்துவிட்டு அவன் பரபரப்பானான். தன் போனை எடுத்து வைத்துவிட்டு, பையிலிருந்து இன்னொரு போனை எடுத்தான். ஓரம் நசுங்கிய, பூப்போட்ட உறை மாட்டிய போன். தங்கையுடையது. சிம்மைத் தொடர்ந்து உயிரோடு வைத்திருக்கிறானாம். இன்று சாயங்காலம் தங்கச்சி கட்டாயம் பேசுவாள், நீ கேட்பதற்கெல்லாம் பதில் சொல்வாள் என்று அம்மாவிடம் காலையிலேயே சொல்லிவிட்டானாம்.

“என்கிட்டக் கேக்கறதுக்கு முன்னாடியேவா?”

“நீ மாட்டேன்னு சொல்லுவேன்னு நான் நெனைக்கவே இல்லம்மா” என்றான். அது உண்மைதான். அதுதான் அவளுக்கு நெஞ்சில் தைத்தது. கடையில் ஒரு பொருளை விலைபேசும்போதாவது, கொடுப்பானோ மாட்டானோ என்று ஒரு சந்தேகம் இருக்கும்.

போன் அடித்தது. திரையில் ‘அம்மா’ என்று வந்தது. மகள் கூப்பிடும்வரை பொறுக்காமல் அந்த அம்மாளே கூப்பிட்டுவிட்டாள். அவன் போனை அவளிடம் நீட்டினான். ஒரே ஒரு தடவை, அம்மா என்று மட்டும் சொல், மிச்சத்தை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று கெஞ்சினான். நீ பேசாமல் அம்மாவுக்கு ஏதாவது ஆனால் அது உன்னால்தான் என்றும் அதே மூச்சில் சொன்னான். இரண்டையும் அவன் ஒரே குரலில் சொன்னதை அவள் கவனித்தாள்.

“என்னால முடியாதுன்னு இல்லீங்க. நல்லாவே முடியும்” என்றாள். “மாட்டேன்.”

“ப்ளீஸ்.”

“நீங்க சொல்லுங்க அவங்ககிட்ட. பக்கத்துல நான் உட்கார்ந்துக்கறேன். அழுதாங்கன்னா பிடிச்சுக்கறேன், ராத்திரியெல்லாம் கூடவே இருக்கேன். ஆனா என் குரல்லதான் இருப்பேன்.”

அவன் காதில் அது விழுந்ததாகத் தெரியவில்லை. மணி நின்றுவிடப் போகிறதே என்ற பதற்றத்தில் பச்சைப் பொத்தானை அழுத்தி, ஸ்பீக்கரையும் போட்டு, அவள் உள்ளங்கையில் போனை வைத்துவிட்டான்.

“கண்ணு?” என்றது மாமியாரின் குரல். மூச்சு வாங்கியது. போனிடம் ஓடி வந்திருக்க வேண்டும். “கண்ணு, நீதானே? சாப்டியாடி?”

அவள் வாய் தயாராக இருந்தது. மூக்கால் இழுக்க வேண்டிய அந்தச் சின்ன மூச்சுகூட எங்கிருந்தோ வந்து ஏறி நின்றது. அறை அவ்வளவு அமைதியாக இருந்ததில் அந்தக் கிழவி தன் புடவைத் தலைப்பைச் சரிசெய்துகொள்வதுகூட அவளுக்குக் கேட்டது. அந்த அம்மாளை ஓடிப்போய்க் கட்டிக்கொள்ள வேண்டும் போல இருந்தது.

ஏறிய மூச்சைச் சத்தம் வராமல் வெளியே விட்டாள். போனை அவன் கையில் திரும்ப வைத்து, அவனுடைய விரல்களை அதன்மேல் மடக்கிவிட்டு, இல்லை என்று தலையை அசைத்தாள்.